கொலைக் கைதியைப் பரிசோதிக்கும் நரம்பியல் மருத்துவர்: ஜோனதன் பின்கஸின் வேலை சொல்வதும் சொல்லாததும்

கோடைமழை | 4 ஆகஸ்ட் 2024, காலை 7.40

அமெரிக்க நரம்பியல் மருத்துவர் ஜோனதன் பின்கஸ் பல பத்தாண்டுகள் கொலைக் கைதிகளைப் பரிசோதித்தார், ஏறக்குறைய எல்லோருக்கும் மூளையில் ஏதோ கோளாறு இருந்தது என்று படித்தேன். அப்படியானால் ஒரு எம்.ஆர்.ஐ. எடுத்தாலே யார் ஆபத்தானவர் என்று தெரிந்துவிடுமே? எனக்கு இது வக்கீல்கள் மரண தண்டனையைத் தவிர்க்கக் கண்டுபிடித்த வழியாகத்தான் படுகிறது. மறுப்பவர்கள் விவரத்தோடு மறுக்கவும்.

நரம்புநூல் | 4 ஆகஸ்ட், காலை 9.15

இரண்டு கேள்விகளைச் சேர்த்துக் கேட்டிருக்கிறீர்கள். ஸ்கேன் எடுத்தால் ஆபத்தானவர் யார் என்று தெரியுமா? தெரியாது. பின்கஸும் அப்படிச் சொல்லவில்லை. வக்கீல்களின் வழியா என்ற கேள்விக்கு ஒரு வரியில் பதில் இல்லை. எந்த ஆய்வைப் பற்றிப் பேசுகிறோம் என்பதைப் பொறுத்தது அது.

முதலில் ஆள் யார் என்று. பின்கஸ் யேல் பல்கலையில் நரம்பியல் பேராசிரியர். பிறகு வாஷிங்டனில் ஜார்ஜ்டவுன் பல்கலையின் நரம்பியல் துறைத் தலைவர். அவருடைய பாதையைத் திருப்பியவர் மனநல மருத்துவர் டாரதி லூயிஸ். கனெக்டிகட்டில் சிறார் குற்றவாளிகளைப் பார்த்துக்கொண்டிருந்தபோது, அந்தப் பையன்களில் பலருக்குத் தலைக்காயம், வலிப்பு போன்ற வரலாறு இருப்பதைக் கவனித்து, ஒரு நரம்பியல் மருத்துவர் கூட வேண்டும் என்று லூயிஸ் கருதினார். 1979இல் அவர்கள் வெளியிட்ட கட்டுரை 97 பையன்களைப் பற்றியது. வன்முறை அதிகமாக இருந்தவர்களிடம் மனப்பிறழ்வு அறிகுறிகளும் நரம்பியல் குறைகளும் உடல்வதையின் வரலாறும் கூடுதலாக இருந்தன. அதற்குப் பிறகுதான் மரண தண்டனைக் கைதிகள்.

பின்கஸ் கடைசி வரை சொன்னது மூன்று சேர்ந்த கணக்கு: சிறுவயதில் நீண்டகாலக் கொடூர வதை, மூளையின் செயல் குறை, எல்லோரும் தன்னைத் தாக்க வருகிறார்கள் என்று எண்ணும் சந்தேக மனநோய். ஒன்று மட்டும் இருந்தால் பெரும்பாலானவர்கள் யாரையும் கொல்வதில்லை. மூன்றும் ஒரே ஆளிடம் சேரும்போது வன்முறைக்கான களம் அமைகிறது என்பது அவர் வாதம். இதில் எம்.ஆர்.ஐ. எங்கும் நடுநாயகம் இல்லை என்பதைக் கவனியுங்கள்.

எண்கணக்கு | 4 ஆகஸ்ட், காலை 11.02

இந்த ஆய்வுகளில் ஆட்களைத் தேர்ந்தெடுத்ததே வக்கீல்கள். மூளைக் கோளாறு இருக்கும் என்று தோன்றியவரைத்தான் அனுப்புவார்கள். கோளாறு இருப்பதாக முடிவு வருவதில் என்ன ஆச்சரியம்?

நரம்புநூல் | 4 ஆகஸ்ட், மாலை 6.30

இந்தக் குற்றச்சாட்டு ஒரு ஆய்வுக்கு முழுதாகப் பொருந்தும். மற்ற இரண்டுக்குப் பொருந்தாது. மூன்றையும் ஒரே மூட்டையாகக் கட்டுவதுதான் இந்த விவாதத்தில் வழக்கமாக நடக்கிறது.

1986. லூயிஸ், பின்கஸ் குழு பார்த்தது, மரண தண்டனை பெற்ற 15 பேர். இவர்கள் மூளைக் கோளாறு இருக்கலாம் என்பதற்காகத் தேர்ந்தெடுக்கப்படவில்லை. தண்டனை நிறைவேற்றும் நாள் நெருங்கிவிட்டது என்பதற்காகத் தேர்ந்தெடுக்கப்பட்டவர்கள். 15 பேருக்கும் கடுமையான தலைக்காய வரலாறு இருந்தது. ஐவருக்குப் பெரிய நரம்பியல் குறை. இன்னும் ஏழு பேருக்கு நினைவிழப்பு போன்ற சிறிய குறைகள்.

1988. 18 வயதுக்குள் செய்த குற்றத்துக்காக மரண தண்டனை பெற்றவர்கள் அப்போது அமெரிக்காவில் 37 பேர். அவர்களில் நான்கு மாநிலங்களில் இருந்த 14 பேரையும், ஒருவர் விடாமல், பரிசோதித்தார்கள். ஒன்பது பேருக்குப் பெரிய நரம்பியல் குறை. சிறைக்கு வரும் முன்பே மனப்பிறழ்வு இருந்தவர்கள் ஏழு பேர். ஐ.க்யூ. 90க்கு மேல் இருந்தவர்கள் இரண்டே பேர். 12 பேர் கொடூரமாக அடிக்கப்பட்டு வளர்ந்தவர்கள்; ஐவரைச் சொந்த உறவினர்களே பாலியல் வன்கொடுமை செய்திருந்தார்கள். என்னை உலுக்குவது இதற்கு அடுத்த விஷயம்: வழக்கு நடந்தபோது இதில் பெரும்பாலானது நீதிமன்றத்துக்கு வரவே இல்லை.

1995. பிளேக், பின்கஸ், பக்னர் மூவரும் எழுதியது, 31 கொலையாளிகள். இவர்களைத்தான் வக்கீல்கள் அனுப்பினார்கள். மூளையின் முன்மடலில் (நெற்றிக்குப் பின்னுள்ள பகுதி) குறை 20 பேருக்கு, அதாவது 64.5 சதவீதம். உடல்வதை ஆவணத்தோடு உறுதியானது 26 பேருக்கு. இந்தச் சதவீதங்களை எடுத்து "கொலையாளிகளில் இத்தனை சதவீதம்" என்று எழுதுவது தவறு. உங்கள் ஆட்சேபம் இங்கே அப்படியே நிற்கிறது.

எண்கணக்கு | 4 ஆகஸ்ட், இரவு 9.48

1988 பற்றிச் சொன்னது வலுவான பதில்தான். ஆனால் மூன்றிலும் ஒப்பீட்டுக் குழு இல்லை. அதே ஏழ்மை, அதே தெரு, அதே அடி உதையில் வளர்ந்து யாரையும் கொல்லாத 14 பேரை அதே மருத்துவர், யார் எவர் என்று தெரியாமல் பரிசோதித்திருந்தால் எத்தனை குறை கண்டிருப்பார்? சிறைக் கைதிகளில் மூளைக்காய வரலாறு உள்ளவர்கள் சுமார் 60 சதவீதம் என்று 2010இல் வெளிவந்த தொகுப்பாய்வு சொல்கிறது. அதில் கொலையாளிகள் சிறு பங்கு. மற்றவர்கள் திருட்டு, போதை, அடிதடி. தலைக்காயம் சிறைக்கு வருபவரைப் பற்றிச் சொல்கிறதா, கொலை செய்பவரைப் பற்றிச் சொல்கிறதா என்பதை இந்த ஆய்வுகளால் பிரிக்க முடியாது.

நரம்புநூல் | 5 ஆகஸ்ட், காலை 6.55

ஆம். இதை மறுக்க வழியில்லை, மறுக்கவும் வேண்டாம். அந்த 14 பேரைப் பற்றிய உண்மை ஒப்பீட்டுக் குழு இல்லாமலும் உண்மையே. "கொலைக்குக் காரணம் இது" என்று அடுத்த படிக்குப் போகும்போதுதான் ஒப்பீடு தேவைப்படுகிறது.

எதிர்ப்பக்கத்திலிருந்து பார்க்க ஒரு ஆய்வு உண்டு. வியட்நாம் போரில் மூளைக்குள் குண்டுத் துண்டு புகுந்து பிழைத்த 279 வீரர்களை ஜோர்டன் கிராஃப்மன் குழு 1996இல் ஆராய்ந்தது. முன்மடலின் அடி நடுப்பகுதியில் காயம்பட்டவர்களிடம் மற்றவர்களைவிட ஆக்ரோஷம் கூடுதலாக இருந்தது. ஆனால் அது பெரும்பாலும் வாய்ச் சண்டை, மிரட்டல் என்ற அளவில் நின்றது. ஓட்டையே விழுந்த முன்மடலோடு வாழ்ந்தவர்கள் இவர்கள்.

வக்கீல்தம்பி | 5 ஆகஸ்ட், காலை 10.20

பரிசோதனை என்று சொல்கிறீர்கள், அறைக்குள் நுழைந்து உட்கார்ந்ததும் அவர் என்னதான் செய்வார்? வரிசையாகச் சொல்லுங்கள் சார். இதைப் படிக்கிற ஜூனியர்களுக்கும் பயன்படும்.

நரம்புநூல் | 5 ஆகஸ்ட், இரவு 8.10

நீளமாக எழுதுகிறேன், இழையில் முக்கியமான பகுதி இதுதான் என்பதால்.

கைவிலங்கும் கால்சங்கிலியும் கழற்றப்பட வேண்டும். சங்கிலியோடு ஒருவரை ஒற்றைக்காலில் குதிக்கச் சொல்ல முடியாது, கால்விரலோடு குதிகால் ஒட்ட நேர்கோட்டில் நடக்கச் சொல்ல முடியாது. இரண்டும் முன்மடல், சிறுமூளைக் குறைகளை வெளிக்கொண்டு வரும் சோதனைகள். சிறை நிர்வாகத்திடம் முன்கூட்டியே எழுத்தில் அனுமதி வாங்காமல் போனால் பாதிப் பரிசோதனை கெட்டுவிடும். கண்ணாடித் தடுப்புக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்து தொலைபேசியில் பேசிவிட்டு எழுதும் நரம்பியல் அறிக்கைக்கு மதிப்பில்லை.

சட்டையைக் கழற்றச் சொல்லி முதுகு, தோள், பிட்டம், தொடையின் பின்பக்கம் பார்க்க வேண்டும். பெல்ட் பக்கிள் விட்ட தழும்பு, மின்கம்பி மடித்து அடித்த வளைவுத் தழும்பு, சிகரெட் சுட்ட வட்டத் தழும்பு. சிறுவனாக இருந்தபோது கைக்கு எட்டாத இடத்தில் தானே காயம் செய்துகொள்ள முடியாது. கைதிகள் பெரும்பாலும் "என்னை யாரும் அடிக்கவில்லை" என்றே சொல்வார்கள். பெற்றோரைக் காட்டிக்கொடுக்க மனம் வராது. அதனால் வாய் சொல்வதையும் தோல் சொல்வதையும் தனித்தனியாகக் குறிக்க வேண்டும். தலைமுடியை விலக்கி மண்டையோட்டைத் தடவிப் பார்க்க வேண்டும். பழைய தையல் தழும்பும் எலும்புப் பள்ளமும் விரலுக்குத் தட்டுப்படும்.

அடுத்து மணம். காப்பித்தூளை ஒரு மூக்குத்துளையை மூடி மற்றதில் காட்டி, பிறகு மாற்றிக் காட்ட வேண்டும். கண் மூடியிருக்க வேண்டும். முன்மடலின் அடிப்பகுதி கரடுமுரடான எலும்பின்மேல் உட்கார்ந்திருக்கிறது. தலை வேகமாக மோதும்போது அந்த இடம் உரசி நசுங்கும், அதே இடத்தில் ஓடும் மண நரம்பும் அறுந்துபோகும். ஆகவே மணம் தெரியாதது முன்மடல் அடிப்பகுதிக் காயத்துக்கு மலிவான, நல்ல தடயம். அம்மோனியா மாதிரி எரிச்சலூட்டும் பொருளைப் பயன்படுத்தக் கூடாது. அது முகத்தின் தொடுவுணர்வு நரம்பையும் தூண்டும், மணம் இல்லாதவரும் முகம் சுளிப்பார்.

பிறகு அனிச்சைகள். மேலுதட்டில் மெல்லத் தட்டினால் உதடு குவிகிறதா. உள்ளங்கையைத் தடவினால் விரல்கள் பிடித்துக்கொள்கின்றனவா. கையைத் தளர விடுங்கள் என்று சொல்லி மருத்துவர் அசைக்கும்போது அந்தக் கை எதிர்த்து இறுகுகிறதா. மெதுவாக நகரும் விரலைக் கண்கள் வழுக்கிக்கொண்டு தொடர்கின்றனவா, தாவித் தாவித் தொடர்கின்றனவா. இதில் எந்த ஒன்றும் தனியாக எதையும் நிரூபிக்காது. கட்டைவிரல் மேட்டைக் கீறினால் மோவாய்த் தசை துடிக்கும் அனிச்சை நல்ல ஆரோக்கியமானவர்களிடமும் நிறையவே உண்டு. நான்கைந்து சேர்ந்து வரும்போதுதான் பொருள்.

அப்புறம் மேசைச் சோதனைகள். முஷ்டி, கைவிளிம்பு, உள்ளங்கை என்ற மூன்று அசைவுகளைத் திரும்பத் திரும்பச் செய்யச் சொல்வது. முன்மடல் குறையுள்ளவர் வாயால் வரிசையைச் சரியாகச் சொல்லுவார், கை முஷ்டியிலேயே நின்றுவிடும். ஒரு எழுத்தில் தொடங்கும் சொற்களை ஒரு நிமிடத்தில் சொல்லச் சொல்வது. பள்ளி முடித்தவர் பத்துக்கு மேல் சொல்வது வழக்கம். விஸ்கான்சின் அட்டை வரிசைச் சோதனையில் 128 அட்டைகள். நிறமா, வடிவமா, எண்ணிக்கையா என்ற விதியைச் சொல்லாமலே கண்டுபிடிக்க வேண்டும். தொடர்ந்து பத்து சரியானதும் விதி அறிவிப்பின்றி மாறும். "தவறு" என்று ஒவ்வொரு முறையும் சொன்னாலும் பழைய விதியிலேயே அட்டை வைத்துக்கொண்டிருப்பதுதான் பார்க்க வேண்டிய பிழை.

இவையெல்லாம் முடிந்த பிறகே இ.இ.ஜி.யும் (மூளையின் மின் அலைகளைப் பதியும் சோதனை) ஸ்கேனும். 1995 தொடரில் ஸ்கேன் எடுத்த 19 பேரில் 9 பேருக்கும், இ.இ.ஜி. எடுத்த 20 பேரில் 8 பேருக்கும்தான் மாற்றம் தெரிந்தது. உளவியல் சோதனை செய்தவர்களிலோ எல்லோரிடமும் குறை தெரிந்தது. ஸ்கேன் சுத்தமாக இருக்கிறது என்பதால் மூளை சுத்தம் என்று ஆகாது.

வக்கீல்தம்பி | 5 ஆகஸ்ட், இரவு 10.05

சேமித்துக்கொண்டேன். தலைக்காயம் பற்றிக் கேட்டால் "இல்லை" என்றே பதில் வருகிறதே?

நரம்புநூல் | 5 ஆகஸ்ட், இரவு 10.31

"தலையில் காயம் பட்டதுண்டா" என்று கேட்டால் அப்படித்தான். நிகழ்ச்சியாகக் கேட்க வேண்டும்: மரத்திலிருந்து விழுந்தது, வண்டியிலிருந்து விழுந்தது, குத்துச்சண்டை, மூச்சைத் திணறடித்தது, ஆஸ்பத்திரியில் விழித்தது. ஒவ்வொன்றுக்கும் வயது, எத்தனை நேரம் மயக்கம், அடிக்குப் பிறகு எந்த நினைவிலிருந்து தொடர்ச்சி வருகிறது. மயக்கம் அரை மணிக்குள் இருந்தால் லேசான காயம் என்ற வகை. நினைவு திரும்ப 24 மணி நேரத்துக்கு மேல் ஆகியிருந்தால் அது லேசானது அல்ல, நடுத்தரமோ கடுமையோ. பிறகு அந்த வயதின் பள்ளிப் பதிவேட்டை எடுத்து, அந்த ஆண்டுக்குப் பின் மதிப்பெண் சரிந்ததா, வகுப்பில் சண்டை தொடங்கியதா என்று பாருங்கள். கைதி சொன்னதும் பதிவேடு சொல்வதும் ஒரே ஆண்டைக் காட்டினால் அது எந்த ஸ்கேனைவிடவும் உறுதியான சான்று என்பது என் கருத்து.

கோடைமழை | 6 ஆகஸ்ட், காலை 8.00

நடிப்பவரை எப்படிப் பிடிப்பது? உயிர் போகிற வழக்கில் எவனும் நடிப்பான்.

நரம்புநூல் | 6 ஆகஸ்ட், மதியம் 1.20

அதற்கென்றே சோதனைகள் உண்டு. ஒன்றில் 50 படங்களைக் காட்டி, பிறகு ஒவ்வொன்றையும் ஒரு புதுப் படத்தோடு சேர்த்து வைத்து, முன்பு பார்த்தது எது என்று கேட்பார்கள். கடினமாகத் தோன்றும், உண்மையில் எளிது. மூளைக்காயம் உள்ளவர்களே 45க்கு மேல் எடுத்துவிடுவார்கள். கண்ணை மூடிக்கொண்டு சொன்னாலும் 25 வரும். 25ஐவிட வெகுவாகக் குறைந்தால், சரியான விடை தெரிந்தே தவறைச் சுட்டுகிறார் என்று பொருள். உதடு குவியும் அனிச்சையையும் கை இறுக்கத்தையும் நடிக்க, அப்படி ஒன்று இருப்பது முதலில் தெரிந்திருக்க வேண்டும். ஆனால் இரண்டும் ஒருவரிடம் சேர்ந்தே இருக்கலாம்: உண்மையான குறையுள்ளவரும் மிகைப்படுத்துவார். நடித்தார் என்று தெரிந்ததும் கோப்பை மூடிவிடுவது மோசமான வழக்கம்.

எண்கணக்கு | 6 ஆகஸ்ட், மாலை 4.44

லூயிஸின் வேலையில் பலவீனமான பக்கத்தையும் சொல்ல வேண்டும். 1990இல் நியூயார்க் மாநிலத்தின் ராசெஸ்டரில் நடந்த ஆர்தர் ஷாக்ராஸ் வழக்கில் அவர் கைதியை ஹிப்னாடிசத்தில் ஆழ்த்திப் பேசவைத்த காணொளிகள் காட்டப்பட்டன. ஜூரி ஏற்கவில்லை. ஹிப்னாடிசத்தில் வெளிவரும் "நினைவு" கேட்பவரின் கேள்வியாலேயே உருவாகக்கூடியது. தழும்பையும் பள்ளிப் பதிவேட்டையும் பிடித்துக்கொண்டிருந்த இடத்தில் அந்தப் பணி வலுவாக இருந்தது, அதை விட்ட இடத்தில் தளர்ந்தது.

நரம்புநூல் | 6 ஆகஸ்ட், மாலை 5.02

முழுச் சம்மதம்.

மேகநாடு | 7 ஆகஸ்ட், காலை 9.37

வலிப்பு வந்த நேரத்தில் கொலை செய்துவிட்டேன் என்ற வாதம் நிற்குமா? டெம்பொரல் மடல் (காதருகே உள்ள மூளைப் பகுதி) வலிப்பில் ஆக்ரோஷம் வரும் என்று பாடத்தில் இருக்கிறதே.

நரம்புநூல் | 7 ஆகஸ்ட், மதியம் 12.15

மிக மிக அரிது. டெல்காடோ-எஸ்குயெட்டா தலைமையில் பல நாட்டு வலிப்பு நிபுணர்கள் 1981இல் ஒரு ஆய்வு வெளியிட்டார்கள். சுமார் 5,400 வலிப்பு நோயாளிகளிலிருந்து, வலிப்பின்போது ஆக்ரோஷம் காட்டுவதாகக் கருதப்பட்ட 19 பேரைப் பொறுக்கி, வீடியோவும் இ.இ.ஜி.யும் ஒருசேரப் பதிவான வலிப்புகளைப் பார்த்தார்கள். ஏழு பேரிடம்தான் ஆக்ரோஷம் தெரிந்தது. திடீரென்று வந்தது, திட்டம் இல்லை, சராசரியாக 29 விநாடி நீடித்தது.

அவர்கள் வைத்த ஐந்து நிபந்தனைகள் இன்றும் பயன்படும். வலிப்பு நோய் இருப்பதைத் தேர்ந்த நரம்பியல் மருத்துவர் உறுதி செய்ய வேண்டும். தன்னறியாச் செயல்கள் வருவது வரலாற்றாலும் வீடியோ இ.இ.ஜி.யாலும் நிரூபணமாக வேண்டும். அந்தச் செயலின்போது ஆக்ரோஷம் வந்ததும் பதிவில் இருக்க வேண்டும். குற்றத்தின்போது நடந்தது அந்த நோயாளியின் வழக்கமான வலிப்பை ஒத்திருக்க வேண்டும். கடைசியாக, மருத்துவரின் தீர்மானம். கத்தி எடுத்து, அறை மாறி, ஆளைத் தேடி, கைரேகையைத் துடைத்துவிட்டுப் போனவருக்கு 29 விநாடி வலிப்பு விளக்கம் ஆகாது.

கோடைமழை | 7 ஆகஸ்ட், இரவு 7.50

சார்ல்ஸ் விட்மன்? 1966 ஆகஸ்ட் 1, டெக்சஸ் பல்கலைக் கோபுரத்திலிருந்து சுட்டவர். மூளையில் கட்டி இருந்ததே.

நரம்புநூல் | 7 ஆகஸ்ட், இரவு 9.25

இருந்தது, கிளியோபிளாஸ்டோமா வகை. தன் மூளையைப் பரிசோதிக்கும்படி அவரே எழுதி வைத்தார். ஆனால் ஆளுநர் அமைத்த மருத்துவக் குழு, கட்டிக்கும் செயலுக்கும் உள்ள தொடர்பைத் தெளிவாக நிறுவ முடியாது என்றுதான் எழுதியது. கோபுரத்துக்கு முன் தாயையும் மனைவியையும் கொன்றார், சாமான்களைப் பட்டியல் போட்டு எடுத்துச் சென்றார். கட்டி எப்போது வளரத் தொடங்கியது, நடத்தை எப்போது மாறியது என்ற இரண்டு தேதிகளும் நம்மிடம் இல்லை. தேதி இல்லாத கட்டியை வைத்துக் காரணம் சொல்லக் கூடாது.

தேதி இருக்கும் நோயாளி ஒருவர் உண்டு. வர்ஜீனியாவில் 40 வயது ஆசிரியர்; பர்ன்ஸ், ஸ்வெர்ட்லோ இருவரும் 2003இல் எழுதினார்கள். முன்பு இல்லாத வகையில் குழந்தைகள் மீது பாலியல் நாட்டம் வந்து, மனைவியின் சிறு மகளிடம் அத்துமீறி, வழக்கு, சிகிச்சைத் திட்டம், அதிலிருந்தும் நீக்கம். சிறைத் தண்டனை அறிவிக்கும் நாளுக்கு முந்தைய இரவு தலைவலி என்று ஆஸ்பத்திரிக்கு வந்தார். கடிகாரம் வரைய முடியவில்லை, படத்தைப் பார்த்து வரைய முடியவில்லை, உடையிலேயே சிறுநீர் கழித்துவிட்டதைப் பொருட்படுத்தவில்லை. எம்.ஆர்.ஐ.யில் வலது முன்மடலின் அடியில் பெரிய கட்டி. அறுவை முடிந்ததும் நாட்டம் போனது. சில மாதங்களில் தலைவலி திரும்பியது, ஆபாசப் படம் சேர்ப்பதும் ரகசியமாகத் திரும்பியது. ஸ்கேனில் கட்டி மறுபடி வளர்ந்திருந்தது. எடுத்தார்கள், மறுபடி போனது.

இங்கே வந்தது, போனது, திரும்ப வந்தது, திரும்பப் போனது என்று நான்கு தேதிகள் கட்டியோடு நடக்கின்றன. தவறு என்று அவருக்கு முழுக்கத் தெரியும், தன்னை அடக்க முடியவில்லை என்றார். என்ன செய்கிறோம் என்பதும் அது தவறு என்பதும் தெரிந்ததா என்று மட்டும் கேட்கும் 1843ஆம் ஆண்டின் மெக்நாட்டன் விதியில் (மனநோயால் குற்றப்பொறுப்பு இல்லை என்ற வாதத்துக்கான ஆங்கிலேய விதி) இவருக்கு இடமே இல்லை. அந்த விதியின் வழிவந்ததுதான் இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 84ஆம் பிரிவும் இப்போது பாரதிய நியாய சன்ஹிதாவின் 22ஆம் பிரிவும்.

மேகநாடு | 8 ஆகஸ்ட், காலை 7.12

இதேபோல நோயாளிகளைத் திரட்டிய ஆய்வு ஒன்றைச் சேர்க்கிறேன். ரயன் டார்பி, மைக்கேல் ஃபாக்ஸ் முதலியோர், 2018. மூளைக் காயத்துக்குப் பிறகே குற்றம் தொடங்கியது என்று காலவரிசை தெளிவாக இருந்த 17 பேர். காயங்கள் ஒரே இடத்தில் இல்லை: முன்மடலிலும் இருந்தன, டெம்பொரல் மடலிலும் இருந்தன, வேறிடங்களிலும் இருந்தன. ஒவ்வொரு காயத்தையும் பொது மூளை வரைபடத்தில் வரைந்து, 1,000 ஆரோக்கியமானவர்களின் தரவிலிருந்து அந்த இடம் எந்தெந்தப் பகுதிகளோடு பேசுகிறது என்று பார்த்தார்கள். இடம் வேறாக இருந்தாலும் எல்லாம் ஒரே வலையமைப்பைத் தொட்டன. நெறி சார்ந்த முடிவு, மதிப்பை எடைபோடுதல், பிறர் மனதை ஊகித்தல் ஆகியவற்றுக்கான பகுதிகள் அதில் வருகின்றன.

நரம்புநூல் | 8 ஆகஸ்ட், காலை 8.40

நல்ல சேர்க்கை. கூடவே ஒன்று: அந்த வலையில் காயம்பட்டும் குற்றம் செய்யாதவர்களே மிகுதி. ஆசிரியர்களும் இதை வலியுறுத்துகிறார்கள். பின்னோக்கிப் பார்த்து விளக்கலாம், முன்னோக்கிப் பார்த்து ஆளைக் குறிக்க முடியாது.

எண்கணக்கு | 8 ஆகஸ்ட், மாலை 6.18

ஸ்கேன் பற்றி இன்னும் யாரும் சரியாக எழுதவில்லை. ஏட்ரியன் ரெயின் 1997இல் 41 கொலையாளிகளையும் 41 ஒப்பீட்டு ஆட்களையும் பெட் ஸ்கேனில் பார்த்தார். ஒப்பீட்டுக் குழு இருந்தது, நல்லது. கதிரியக்கம் சேர்த்த சர்க்கரையை ஊசியில் செலுத்தி, அது மூளைக்குள் ஏறும் 32 நிமிடமும் திரையைப் பார்த்துக் கவனச் சோதனை செய்ய வைத்தார்கள். கொலையாளிக் குழுவின் சராசரியில் முன்மடல் சர்க்கரைப் பயன்பாடு குறைவு. இது குழுவின் சராசரி. தனி ஆளை எடுத்தால் இரு குழுவின் எண்களும் ஒன்றன்மேல் ஒன்று படிந்துதான் கிடக்கும். இன்னொன்று, அந்த 41 பேரும் மனநிலை சரியில்லை என்று வாதிட்டவர்கள். எல்லாக் கொலையாளிகளுக்கும் பிரதிநிதி அல்லர்.

நரம்புநூல் | 8 ஆகஸ்ட், இரவு 10.02

தொழில்நுட்பப் பக்கத்தில் இதையும் குறித்துக்கொள்ளுங்கள். செயல் எம்.ஆர்.ஐ. (மூளையின் எந்த இடம் வேலை செய்கிறது என்று காட்டுவது) மிகவும் தடுமாறுவது முன்மடலின் அடிப்பகுதியில்தான், அதாவது இந்தக் கேள்விக்கு மிக முக்கியமான இடத்தில். கீழே மூக்குக் குழிகளின் காற்று இருப்பதால் காந்தப்புலம் குலைந்து சமிக்ஞை அங்கே காணாமல் போகும். "அங்கே செயல்பாடு இல்லை" என்று படத்தைக் காட்டுபவரிடம் முதலில் கேட்க வேண்டியது, அங்கே சமிக்ஞை இருந்ததா என்பது.

பழைய தலைக்காயத்துக்குச் சாதாரண எம்.ஆர்.ஐ. போதாது. ஒரு மில்லிமீட்டர் அடுக்கில் முழுமூளை டி1 படம், ஃபிளேர், நுண்ரத்தக்கசிவைக் காட்டும் எஸ்.டபிள்யூ.ஐ. என்ற மூன்று வகை எம்.ஆர்.ஐ. படங்களையும் கேட்டு எழுத வேண்டும். எஸ்.டபிள்யூ.ஐ. இல்லாமல் எடுத்து "இயல்பு" என்று வரும் அறிக்கைகள் ஏராளம். ஆண்டுகள் கழித்தும் அந்தக் கறுப்புப் புள்ளிகள் அதில்தான் தெரியும்.

இயல்பாகவே இருக்கும் வினோதங்களையும் மறக்கக் கூடாது. நீர்க்கட்டி மாதிரியான அரக்னாய்டு சிஸ்ட் நூறு பேரில் ஒருவருக்கு மேல் இருக்கும், பெரும்பாலோருக்கு வாழ்நாள் முழுக்கத் தெரியாது. 1991இல் நியூயார்க்கில் மனைவியைக் கழுத்தை நெரித்து 12ஆவது மாடி ஜன்னலிலிருந்து எறிந்த ஹெர்பர்ட் வைன்ஸ்டீனுக்குப் பெரிய சிஸ்ட். பெட் படத்தைக் காட்டலாம், ஆனால் சிஸ்ட் நேரடியாக வன்முறையை உண்டாக்கும் என்று சாட்சி சொல்லக் கூடாது என்று நீதிபதி வகுத்தார். எனக்கு அது மிகச் சரியான கோடாகத் தெரிகிறது. விசாரணைக்கு முன்பே குறைந்த குற்றத்தை ஒப்புக்கொள்ளும் சமரசத்தில் வழக்கு முடிந்தது.

வக்கீல்தம்பி | 9 ஆகஸ்ட், காலை 9.05

நம் செய்திகளில் வரும் "பிரெய்ன் மேப்பிங்" இதுதானா?

நரம்புநூல் | 9 ஆகஸ்ட், காலை 9.30

இல்லை. அது தலையில் மின்முனை வைத்து, குற்றம் சார்ந்த வாக்கியங்களைக் கேட்கவைத்து, அனுபவ நினைவு இருக்கிறதா என்று ஊகிக்கும் முறை. மூளை நோயைத் தேடுவதில்லை. செல்வி எதிர் கர்நாடக மாநிலம் வழக்கில் 5 மே 2010 அன்று உச்ச நீதிமன்றம், அதையும் நார்கோ (மருந்து கொடுத்துப் பேசவைப்பது), பாலிகிராஃப் (பொய் கண்டறிவது) சோதனைகளையும் ஒருவர் சம்மதமின்றிச் செய்யக் கூடாது என்று தீர்ப்பளித்தது. மேலே பேசிய பரிசோதனைக்கும் இதற்கும் மின்முனை மட்டுமே பொது.

வக்கீல்தம்பி | 9 ஆகஸ்ட், காலை 11.50

பின்கஸ் மாதிரியானவர்களின் சாட்சி எந்தக் கட்டத்தில் பயன்பட்டது என்பதையும் பதிகிறேன், கோடைமழையின் முதல் கேள்விக்காக. அமெரிக்க மரண தண்டனை வழக்கு இரண்டு கட்டம். முதலில் செய்தாரா, இல்லையா. அடுத்ததில் மரணமா, ஆயுளா. நரம்பியல் சாட்சி பெரும்பாலும் இரண்டாவதில் வருகிறது. அதனால் விடுதலை கிடைப்பதில்லை. தண்டனை ஆயுளாகக் குறையலாம், அவ்வளவே. 2002இல் அட்கின்ஸ் வழக்கில் அறிவுத்திறன் குறைபாடு உள்ளவர்களுக்கும், 2005இல் ரோப்பர் வழக்கில் குற்றத்தின்போது 18 வயது நிரம்பாதவர்களுக்கும் மரண தண்டனை கூடாது என்று அங்குள்ள உச்ச நீதிமன்றம் விதித்தது. 1988 ஆய்வின் 14 பேரும் ரோப்பருக்குப் பின் பிறந்திருந்தால் அந்தத் தண்டனைக்கே ஆளாகியிருக்க மாட்டார்கள்.

கோடைமழை | 9 ஆகஸ்ட், இரவு 8.33

வக்கீல்களின் வழி என்று நான் எழுதியதற்கு இது நேரான பதில். ஒரு கேள்வி மிச்சம். இதெல்லாம் சிறுவயதிலிருந்தே அடிபட்டு வளர்ந்தவர்கள். ஒழுங்காக வாழ்ந்துவிட்டு 55 வயதில் திடீரென்று கடையில் திருடுகிறவர்?

நரம்புநூல் | 10 ஆகஸ்ட், காலை 7.25

அவரைத்தான் முதலில் நரம்பியல் மருத்துவரிடம் அனுப்ப வேண்டும். நடத்தை வகை முன்மடல்-டெம்பொரல் மறதிநோய் என்று ஒன்று உண்டு. தொடக்கத்தில் நினைவு நன்றாகவே இருக்கும், குணம் போய்விடும். கலிபோர்னியா பல்கலையின் சான் ஃபிரான்சிஸ்கோ மையத்தில் 1999 முதல் 2012 வரை பார்த்த 2,397 நோயாளிகளின் கோப்புகளை லில்யெக்ரென் குழு 2015இல் அலசியது. இந்த வகை நோயாளிகளில் 37.4 சதவீதம் பேரிடம் குற்ற நடத்தை பதிவாகியிருந்தது; ஆல்சைமர் நோயில் 7.7 சதவீதம். திருட்டு, சாலை விதி மீறல், பாலியல் சீண்டல், பிறர் இடத்தில் நுழைதல், பொது இடத்தில் சிறுநீர் கழித்தல் மாதிரியானவை.

குடும்பம் கவனிக்க வேண்டிய ஆறு: அடக்கமின்மை, அக்கறையின்மை, பிறர் துயரம் உறைக்காமை, ஒரே செயலை விடாமல் செய்தல், உணவுப் பழக்க மாற்றம், முக்கியமாக இனிப்பு வெறி, திட்டமிடும் திறன் சரிதல். 2011 வரையறைப்படி இதில் மூன்று இருந்து, படிப்படியாக மோசமானால் சந்தேகிக்கலாம். தொடக்கத்தில் எம்.ஆர்.ஐ. இயல்பாகவே வரலாம், அப்போது பெட் ஸ்கேன் உதவும்.

காவல் நிலையத்திலோ சிறை மருத்துவமனையிலோ இருப்பவர் யாராவது இதைப் படித்தால்: 50 வயதுக்கு மேல் முதல் குற்றம், பிடிபட்டபோது வெட்கமே இல்லை, கையில் எடுத்தது மிட்டாய் மாதிரி அற்பப் பொருள். இந்த மூன்றும் சேர்ந்தால் வாக்குமூலம் எழுதும் முன் மனைவியையோ பிள்ளையையோ தனியாகக் கூப்பிட்டு, "இவர் எப்போதிலிருந்து மாறினார்?" என்று கேளுங்கள். அவர்கள் சொல்லும் ஆண்டைக் கோப்பில் எழுதுங்கள். கைதியிடம் கேட்டால், நான் மாறவே இல்லை என்பார்.

வக்கீல்தம்பி | 10 ஆகஸ்ட், காலை 10.48

ஆவணம் சேகரிக்கிற வரிசை ஒன்று கொடுத்துவிடுங்கள் சார், ஒட்டி வைத்துக்கொள்கிறேன்.

நரம்புநூல் | 10 ஆகஸ்ட், மாலை 4.16

பிரசவ ஆஸ்பத்திரிப் பதிவு முதலில். எடை, நேரம் கழித்து அழுததா, ஆயுதப் பிரசவமா. பழைய கோப்புகளை ஆஸ்பத்திரிகள் அழித்துவிடும், ஆகவே இதற்குத்தான் அவசரம். அடுத்து பள்ளி: மதிப்பெண்ணோடு வருகைப் பதிவும். மூன்றாவது விபத்து, அவசரப் பிரிவுச் சீட்டுகளும் பழைய எக்ஸ்ரே தகடுகளும். அறிக்கை மட்டும் வாங்காதீர்கள், தகட்டையே வாங்குங்கள், ஆறிய எலும்பு முறிவுகள் அதில் இருக்கும், எழுதியவர் அப்போதைய புகாரை மட்டும் எழுதியிருப்பார். கூடப்பிறந்தவர்களைத் தனித்தனியாகப் பார்க்க வேண்டும், பெற்றோர் இல்லாத இடத்தில். இவற்றையெல்லாம் பரிசோதனைக்கு முன்பே மருத்துவர் கையில் கொடுக்க வேண்டும். நுண்ரத்தக்கசிவுப் படம் கேட்கலாமா, தூக்கம் கெடுத்து இ.இ.ஜி. எடுக்கலாமா என்பதை அவர் அந்தக் காகிதங்களிலிருந்துதான் முடிவு செய்வார்.